பார்க்க வந்தவர்கள் பேசத் தொடங்கிய நகரம்

லூவர் அருங்காட்சியகத்தின் முதல் மாடியில், அப்பல்லோ கூடத்தைத் தாண்டிப் பெருங்கூடத்துக்குள் நுழையும் முன் ‘சலோன் காரே’ என்ற சதுர மண்டபம் வருகிறது. இப்போது அதன் சுவர்களில் சிமாபுவே, ஜொட்டோ முதலிய பழைய இத்தாலியர்களின் பலகை ஓவியங்கள் இருக்கின்றன. மோனா லிசாவைப் பார்க்க விரையும் கூட்டத்துக்கு இது வெறும் நடைவழி. நவீன கலைக் கோட்பாடும் விமர்சனமும் எங்கிருந்து வந்தன என்று தெரிந்துகொள்ள பாரீஸுக்கு வருகிறவரோ முதலில் நிற்க வேண்டியது இங்கேதான். 1648-இல் தொடங்கப்பட்ட அரச ஓவிய, சிற்ப அகாதெமி தன் உறுப்பினர்களின் புதிய படைப்புகளை 1725-இல் இந்த மண்டபத்தில் காட்சிக்கு வைத்தது; 1737-இலிருந்து ‘சலோன்’ என்ற அந்தக் கண்காட்சி முறையான வழக்கமாயிற்று. அனுமதி இலவசம். பிரபு வந்தார், அவருடைய வண்டிக்காரனும் வந்தான். கலைக் கோட்பாடு என்பது தத்துவவாதிகள் மேசையில் அமர்ந்து எழுதி, பிறகு ஓவியங்களின்மேல் பொருத்திப் பார்த்த சங்கதி என்ற எண்ணம் நம்மிடையே வலுவாக இருக்கிறது. பாரீஸின் கூடங்களை அவை திறந்த வரிசையிலேயே பார்த்துக்கொண்டு போனால் அந்த எண்ணம் தாக்குப்பிடிக்காது. படத்தை எந்தச் சுவரில், எந்த உயரத்தில், யார் பார்க்க மாட்டினார்கள் என்பது மாறியபோதெல்லாம் கலையைப் பற்றிய பேச்சும் மாறியிருக்கிறது. நவீன கலைக் கோட்பாட்டின் வரலாறு பெருமளவு காட்சிக்கூடத்தின் வரலாறு என்பதே நான் சொல்ல வருவது.

பதினெட்டாம் நூற்றாண்டுச் சலோனின் தோற்றத்தை அக்காலச் செதுக்கோவியங்களிலும் காப்ரியேல் த சேன்-தோபேன் வரைந்த காட்சிகளிலும் பார்க்கலாம். கையெட்டும் உயரத்திலிருந்து கூரைவரை சட்டத்தோடு சட்டம் முட்ட படங்கள். மேலே பெரிய வரலாற்றுக் காட்சிகள், கீழே சிறிய உருவப்படங்கள், நிலைப்பொருள் ஓவியங்கள். எந்தப் படம் எங்கே போக வேண்டும் என்று முடிவுசெய்யும் பொறுப்பைப் பல ஆண்டுகள் வகித்தவர் ஷார்தேன் என்ற ஓவியரே. இந்தச் சுவரைப் பார்த்துத்தான் 1747-இல் லா ஃபோன் த சேன்-யேன் பெயர் போடாமல் ஒரு சிறுநூல் வெளியிட்டார். அவர் ஓவியரல்லர், அகாதெமிக்கும் அவருக்கும் தொடர்பில்லை. அச்சான புத்தகத்தையும் மேடையேறிய நாடகத்தையும் பற்றிக் கருத்துச் சொல்ல எல்லாருக்கும் உரிமை உண்டென்றால், காட்சிக்கு வைத்த ஓவியத்தைப் பற்றி மட்டும் ஏன் சொல்லக்கூடாது என்பது அவர் கேள்வி. மாளிகைகளில் ஓவியம் இருந்த இடத்தைக் கண்ணாடிகள் பிடித்துக்கொண்டதை அவர் குறைகூறினார். மன்னரின் ஓவியங்கள் பொதுமக்கள் கண்ணில் படாமல் கிடப்பதை எதிர்த்து, அவற்றை லூவரில் வைக்கச் சொன்னார். ஓவியர்கள் கொதித்தார்கள். அடுத்தடுத்து வந்த விமர்சனங்களின் புண் ஆறாததும் சேர்ந்து 1749-இல் சலோன் நடக்கவே இல்லை. ஆனால் 1750-இல் மன்னரின் சேகரிப்பிலிருந்து ஏறத்தாழ நூறு ஓவியங்கள் லுக்சம்பர்க் அரண்மனையில், வாரத்தில் இரண்டு நாள் மக்கள் பார்வைக்குத் திறக்கப்பட்டன. கலை விமர்சனத்தின் முதல் பெரிய கோரிக்கை அழகைப் பற்றியது அல்ல, கதவைத் திறப்பது பற்றியது.

இதற்கு உடனே ஒரு மறுப்பு எழும். வசாரி 1550-லேயே இத்தாலிய ஓவியர்களின் வாழ்க்கை வரலாறுகளை எழுதிவிட்டார். பிரான்சிலேயே ஃபெலிபியேனும் ரொஜே த பீலும் பதினேழாம் நூற்றாண்டில் ஓவியத்தின் விதிகளையும் வண்ணத்தின் மேன்மையையும் விரிவாக விவாதித்தார்கள். அப்படியிருக்க, பொதுக் கண்காட்சிக்கு முன்பே கோட்பாடு இருந்ததே என்று கேட்கலாம். இருந்தது உண்மை. ஆனால் அந்த எழுத்துகள் யாரை நோக்கிப் பேசின என்பதைக் கவனிக்க வேண்டும். ஓவியம் கற்கும் மாணவரையும் அதை வாங்கும் பிரபுவையும் நோக்கிப் பேசின. நல்ல ஓவியத்தை எப்படி வரைவது, எப்படி அடையாளம் கண்டு வாங்குவது என்பவை அவற்றின் கவலைகள். வரையவும் தெரியாத, வாங்கவும் முடியாத ஒருவர் ஓவியத்தின் முன் நின்று என்ன செய்வது என்ற கேள்வி அங்கே எழ வழியில்லை. சலோன் அப்படிப்பட்டவர்களை ஆயிரக்கணக்கில் ஒரே அறைக்குள் கொண்டுவந்தது. தீர்ப்புச் சொல்லும் தகுதி தொழிலிலிருந்தோ பணத்திலிருந்தோ வராதபோது வேறெங்கிருந்து வரும் என்பதைக் காட்டியாக வேண்டிய நிலை அப்போதுதான் ஏற்பட்டது. நவீன விமர்சனம் தன்னையே நியாயப்படுத்திக்கொண்டு பேசும் வழக்கம் இங்கே தொடங்குகிறது. பழைய நூல்களின் தன்னம்பிக்கை அதற்கு ஒருபோதும் கிடைத்ததில்லை.

தத்துவவாதி திதரோவின் எழுத்து அந்தத் தவிப்பின் முதல் பெரும் சாதனை. 1759 முதல் 1781 வரை ஒன்பது சலோன்களைப் பற்றி அவர் எழுதினார். அவர் வாழ்நாளில் அவை அச்சில் வரவில்லை. நண்பர் க்ரிம் கையெழுத்துப் பிரதிகளாகத் தயாரித்து, ரஷ்யப் பேரரசி இரண்டாம் கேதரின் உள்ளிட்ட சில அயல்நாட்டு அரசவைகளுக்கு அனுப்பிய இதழில் இடம்பெற்றன. அச்சேறாததால் தணிக்கைக்கும் தப்பின. படித்தவர்கள் பாரீஸில் இல்லை. அந்தப் படங்களை அவர்கள் பார்க்கப்போவதுமில்லை. ஆகவே திதரோ பார்வையையே எழுத்தாக்க வேண்டியிருந்தது. 1767 சலோனில் வெர்னேயின் நிலக்காட்சிகளை, ஒரு துறவியோடு மலையும் கடற்கரையும் சுற்றிவந்த பயணம்போல எழுதிக்கொண்டே போய், நெடுநேரம் கழித்துத்தான் அவையெல்லாம் சட்டமிட்ட படங்கள் என்று சொல்கிறார். லூவரில் இருக்கும் ஷார்தேனின் ‘திருக்கை மீன்’ ஓவியத்தின் முன் நின்றால் அவர் பட்ட பாடு புரியும். வயிறு கிழித்துத் தொங்கவிட்ட ஒரு மீனில் புராணமும் இல்லை, வீரமும் இல்லை. அகாதெமியின் தரவரிசைப்படி அது கடைநிலை வகை. ஆனால் கூட்டத்தோடு கூட்டமாகச் சுவரருகே நின்று பார்க்கும் கண்ணுக்கு அது பக்கத்துப் படங்களைத் தோற்கடிக்கிறது. ‘எது வரையப்பட்டது’ என்பதிலிருந்து ‘எப்படி வரையப்பட்டது’ என்பதற்கு விமர்சனம் நகர்ந்ததற்கு இந்த நேரடி ஒப்பீடே காரணம். எல்லா வகைகளையும் ஒரே சுவரில் மாட்டிய கூடம், தன்னையறியாமலே தரவரிசையைக் குலைத்துவிட்டது.

பெருங்கூடத்தில் நடக்கும்போது இன்னொன்றையும் நினைவில் கொள்ள வேண்டும். புரட்சிக்குப் பின் 1791-இல் சலோன் எல்லா ஓவியர்களுக்கும் திறந்துவிடப்பட்டது. 1793-இல் லூவர் பொது அருங்காட்சியகமாயிற்று. அதன்பின் 1848 வரை, சலோன் காலம் வந்தால் நிரந்தரச் சேகரிப்பின்மேல் மரத்தட்டிகள் எழுப்பி, அவற்றின்மேல் புதிய படங்களை மாட்டினார்கள். ரஃபேலையும் டிஷியனையும் மறைத்துக்கொண்டு உயிருள்ள ஓவியர்கள் தொங்கினார்கள். கவிஞர் போதலேர் 1845-லும் 1846-லும் தம் முதல் சலோன் கட்டுரைகளை எழுதியபோது பார்த்த சுவர் இதுதான். 1846 கட்டுரையை அவர் நடுத்தர வர்க்கத்தாருக்குக் காணிக்கையாக்கினார்; விமர்சகர் நடுநிலை வேடம் போடாமல் சார்போடும் வேகத்தோடும் எழுத வேண்டும் என்றார்; கறுப்புக் கோட்டணிந்த நகரத்து மனிதரிடமும் காவியத்தன்மை உண்டென்று முடித்தார். 1863-இல் ‘ஃபிகாரோ’ இதழில் வந்த ‘நவீன வாழ்வின் ஓவியர்’ கட்டுரையில், கணத்தில் மறைவதே நவீனத்துவம், அது கலையின் ஒரு பாதி, மறுபாதி நிலைத்து நிற்பது என்று வரையறுத்தார். பழைய மேதைகளின் தோள்மேல் புதியவர்கள் சில வாரம் தொங்கிவிட்டு இறங்கும் காட்சியை ஆண்டுதோறும் பார்த்த நகரத்தில் அப்படியொரு வரையறை பிறந்தது தற்செயலாக எனக்குத் தோன்றவில்லை. அந்தக் கட்டுரைக்கு அவர் எடுத்துக்கொண்ட கான்ஸ்தந்தேன் கீஸ், லண்டன் படப் பத்திரிகைக்குக் கிரிமியப் போரை வரைந்து அனுப்பியவர். செய்தித்தாளின் பக்கத்தையும் ஒரு சுவராக எண்ணிப் பார்த்த முதல் பெரிய விமர்சகர் போதலேர்.

லூவரிலிருந்து துய்லேரி தோட்டத்தின் வழியே மேற்கே நடந்து, கொன்கார்த் சதுக்கத்தைக் கடந்தால் இடப்புறம் கிரான் பலேயின் கண்ணாடிக் கூரை தெரியும். 1900-ஆம் ஆண்டு உலகப் பொருட்காட்சிக்காக இதைக் கட்டுவதற்கு, அங்கே முன்பிருந்த தொழில் மாளிகையை இடித்தார்கள். 1855 பொருட்காட்சிக்கு எழுந்த அந்த மாளிகையில்தான் 1857 முதல் சலோன் நடந்தது. இயந்திரங்களைக் காட்டக் கட்டிய கூடாரத்தில் ஆயிரக்கணக்கான ஓவியங்கள். 1855-இல் பொருட்காட்சியின் நடுவர் குழு தம் பெரிய படங்கள் இரண்டை மறுத்ததும், கூர்பே அருகிலிருந்த மொந்தேன் சாலையில் சொந்தச் செலவில் ஒரு கொட்டகை போட்டு, நுழைவுக் கட்டணம் வைத்து, ‘யதார்த்தவாதம்’ என்று பெயர்ப்பலகை மாட்டி, விளக்கக் கையேடும் எழுதினார். ஓர் ஓவியர் கூடத்தைச் சொந்தமாக்கிக்கொண்ட அதே நாளில் கோட்பாட்டையும் சொந்தமாக எழுத வேண்டியதாயிற்று. 1863-இல் ஐயாயிரத்துக்கும் மேற்பட்ட படைப்புகளில் பெரும்பகுதியை நடுவர்கள் தள்ளிவிட, எழுந்த முறையீடுகளைக் கேட்ட மூன்றாம் நெப்போலியன், மறுக்கப்பட்டவற்றையும் அதே மாளிகையின் வேறு பகுதியில் வைக்கச் சொன்னார். மக்களே முடிவுசெய்யட்டும் என்பது அவர் காட்டிய காரணம். மானேயின் ‘புல்வெளி விருந்து’ அங்கேதான் தொங்கியது. மக்கள் சிரித்தார்கள். ஆனால் ஒரே கூரையின்கீழ் ஏற்கப்பட்ட சுவரும் மறுக்கப்பட்ட சுவரும் எதிரெதிரே நின்றபோது, நடுவர் குழுவின் தீர்ப்பும் பல கருத்துகளில் ஒன்றாகச் சுருங்கிப்போனது. அகாதெமியின் அதிகாரத்தை உடைத்தது ஒரு நூலல்ல, ஓர் அரசாணை திறந்துவிட்ட பக்கக் கதவு.

செய்ன் நதியைக் கடந்து, பழைய ரயில் நிலையமான ஓர்சே அருங்காட்சியகத்துக்குப் போனால் அந்த வழக்கின் சாட்சிகள் எல்லாரையும் ஒரே இடத்தில் பார்க்கலாம். கூர்பேயின் ‘ஓவியரின் பணிக்கூடம்’ படத்தில் வலது ஓரத்தில் போதலேர் புத்தகம் படித்துக்கொண்டிருக்கிறார். விமர்சகர் படத்துக்குள்ளேயே நுழைந்துவிட்டார். மானேயின் ‘ஒலிம்பியா’ 1865 சலோனில் எழுப்பிய ஆத்திரத்தால், பின்னர் அதை ஒரு வாசலுக்கு மேலே எட்டாத உயரத்துக்கு மாற்றினார்கள். 1866-இல் மானே மறுக்கப்பட்டபோது இருபத்தாறு வயது எமில் ஸோலா ‘லெவேன்மான்’ நாளிதழில் அவருக்காக வாதாடினார். வாசகர்களின் எதிர்ப்பில் அந்தத் தொடர் பாதியில் நின்றது. மறு ஆண்டு மானே அல்மா பாலத்தருகே தமக்கென ஒரு கொட்டகை போட்டு ஏறத்தாழ ஐம்பது படங்களை வைத்தார். ஸோலா அவரைப் பற்றிய சிறுநூலை வெளியிட்டார். நன்றிக் கடனாக மானே வரைந்த ஸோலாவின் உருவப்படம் இங்கே தொங்குகிறது. அதில் ஸோலாவின் முகத்தைவிட அவர் பின்னாலிருக்கும் சுவரே பேசுகிறது: ஒலிம்பியாவின் பிரதி, வெலாஸ்கேஸ் படத்தின் அச்சு, ஜப்பானிய மல்லர் படம், மேசைமேல் அந்த நீல நிறச் சிறுநூல். தம் ஓவியத்தை எந்தத் துணையோடு பார்க்க வேண்டும் என்று மானே தாமே மாட்டிக்காட்டிய சிறு கண்காட்சி அது. ஓவியத்தின் பொருளைவிட வரைந்தவரின் மனப்போக்கும் வண்ணத் திட்டுகளின் உறவும் முக்கியம் என்ற ஸோலாவின் வாதம், இந்தச் சுவரைப் பார்த்தால் தானே விளங்கும்.

அந்தக் கூடங்கள் காட்டியதைப்போலவே மறைத்ததும் உண்டு. ஒலிம்பியாவின் பின்னால் பூச்செண்டோடு நிற்கும் கறுப்பினப் பெண்ணின் பெயர் லோர். 1865-இல் எழுதியவர்கள் படுத்திருக்கும் உருவத்தின் நிறத்தையும் கையையும் பற்றிப் பத்திபத்தியாக எழுதினார்கள். பூச்செண்டு பிடித்தவளைத் தனியொரு மனுஷியாகக் கண்டவர் இல்லையென்றே சொல்லலாம். 2019-இல் இதே ஓர்சேயில் கறுப்பின மாதிரிகளைப் பற்றிய பெரிய கண்காட்சி நடந்தபிறகே அவள் பெரும்பாலான பார்வையாளர்கள் கண்ணில் பட்டாள். அதேபோல, 1897 வரை பாரீஸின் அரசு நுண்கலைப் பள்ளி பெண்களைச் சேர்க்கவில்லை. பெண்களில் ஏன் மாபெரும் ஓவியர்கள் இல்லை என்று கேட்டு லிண்டா நாக்லின் 1971-இல் எழுதிய கட்டுரை, அந்தக் கேள்வியையே திருப்பிப்போட்டு, மேதைமையை விட்டுவிட்டு நிறுவனங்களின் வாசல்களை எண்ணிப்பார்க்கச் சொன்னது. லா ஃபோன் கேட்ட கேள்வியின் தொடர்ச்சிதான் அது. அவர் பார்ப்பவருக்காக வாசலைத் திறக்கச் சொன்னார்; நாக்லின் வரைபவருக்காக.

கூடமே கோட்பாட்டை உண்டாக்குகிறது என்றால், ஒரே கூடத்தில் நின்றவர்கள் ஏன் எதிரும் புதிருமாக எழுதினார்கள் என்று கேட்பது நியாயமே. மானேயின் முன் நின்று ஸோலா ஒரு புதிய யுகத்தைக் கண்டார்; பக்கத்தில் நின்ற இன்னொருவர் வரையத் தெரியாதவரின் கிறுக்கலைக் கண்டார். சுவர் இருவருக்கும் பொது. இங்கே என் வாதத்தைத் துல்லியமாக்கிக்கொள்ள வேண்டியிருக்கிறது. கூடம் விடையைத் தருவதில்லை. எதைப் பற்றிச் சண்டை போடுவது என்பதைத் தருகிறது. 1865-இல் இரு தரப்பும் படம் ‘முடிக்கப்பட்டதா, இல்லையா’ என்பதைப் பற்றியே மோதிக்கொண்டன. தொலைவிலிருந்து, தலை நிமிர்த்தி, நூறு படங்களுக்கு நடுவே ஒன்றைப் பார்க்கும் அமைப்பில் வழவழப்பான முடிப்பு ஒரு தகுதியாகத் தெரிந்தது. அது இல்லாதது குறையாகவோ துணிச்சலாகவோ தெரிந்தது. விடை மனிதரின் மனப்போக்கையும் வர்க்கத்தையும் படிப்பையும் பொறுத்தது. கேள்வி சுவரைப் பொறுத்தது.

சுவர் மாறினால் கேள்வி மாறும் என்பதற்குச் சான்று, ஓப்பரா மாளிகையிலிருந்து மாதலேன் கோயில் பக்கம் போகும் கபுசீன் பெருஞ்சாலையில், 35-ஆம் எண்ணில் இருக்கிறது. புகைப்படக் கலைஞர் நதாரின் பழைய பணிக்கூடம் அது. 1874 ஏப்ரல் 15 அன்று, அரசின் சலோன் திறப்பதற்கு இரண்டு வாரம் முன்பே, மோனே, தெகா, பிசாரோ, பெர்த் மொரிசோ, செசான் முதலிய முப்பது பேர் கூட்டுறவுச் சங்கம்போலப் பங்குபோட்டு இங்கே தங்கள் படங்களை வைத்தார்கள். கட்டணம் ஒரு ஃப்ராங்க். வேலை முடிந்து வருபவர்களுக்காக இரவு 8 முதல் 10 வரையும் திறந்திருந்தது. பழுப்புச் சிவப்புத் துணி போர்த்திய சுவரில் படங்கள் இரண்டு வரிசைக்கு மேல் போகவில்லை. வீட்டறை அளவிலான அறைகளில், கண்மட்டத்தில், சில அடி தொலைவில் அவற்றைப் பார்த்தவர்களுக்குத் தூரிகைத் தடம் ஒவ்வொன்றும் தெரிந்தது. ‘ஷாரிவாரி’ இதழில் லூயி லெருவா எழுதிய கிண்டல் கட்டுரை, கூடத்தைச் சுற்றிவரும் இரண்டு பேரின் உரையாடலாகவே அமைந்திருக்கிறது. அதில் வரும் பழைய பாணி ஓவியர் படத்துக்குப் படம் நெருங்கிப் போய்ப் புத்தி பேதலிக்கிறார். இப்போது மார்மொத்தான் அருங்காட்சியகத்தில் இருக்கும் மோனேயின் சூரிய உதயப் படத்தைச் சாக்காக வைத்து லெருவா எறிந்த கேலிப்பெயரை அந்த ஓவியர்களே பிறகு சூடிக்கொண்டார்கள். கேலி செய்தவரும் பாராட்டிய விமர்சகர் காஸ்தாஞாரியும் பேசியது ஒன்றையேதான்: கண்ணில் படும் தடம், பொருள் எனும் முழுமையாகச் சேர வேண்டுமா என்பது. முப்பதடிச் சுவரில் எழாத கேள்வி அது.

அங்கிருந்து சில நிமிட நடையில் வீன்யோன் தெரு. அதன் 28-ஆம் எண்ணில் 1907-இல் கான்வைலர் என்ற இளம் ஜெர்மானியர் சிறிய கலைக்கடை ஒன்றைத் திறந்தார். 1908-இல் இலையுதிர் சலோனின் நடுவர்கள் பிராக்கின் நிலக்காட்சிகளை மறுத்தபின் அவர் இங்கே அவற்றை வைத்தார். அபொலினேர் அறிமுகம் எழுத, ‘ஜில் ப்ளாஸ்’ இதழில் லூயி வோசெல் கனசதுரங்கள் என்று குறிப்பிட்டார். என் வாதத்துக்கு இங்கே ஒரு கடினமான சோதனை இருக்கிறது. பிகாசோவும் பிராக்கும் விரைவிலேயே பாரீஸின் பொதுச் சலோன்களை ஒதுக்கினார்கள். 1907-இல் வரைந்த ‘அவின்யோன் பெண்கள்’ 1916 வரை பொதுக் காட்சிக்கே வரவில்லை. பொதுக்கூடமே இல்லாமல் இருபதாம் நூற்றாண்டின் மிகப் பெரிய மாற்றம் நடந்திருக்கிறதே என்றால், ஓவியத்தில் நடந்தது உண்மைதான், கோட்பாட்டில் நடக்கவில்லை. கியூபிசத்தைப் பற்றிய முதல் நூலை 1912-இல் எழுதியவர்கள் அந்த இருவருமல்லர். 1911-இல் தற்சார்பு ஓவியர்கள் சலோனின் 41-ஆம் அறையில் ஒன்றாகப் படங்களை மாட்டி, மக்களின் ஆத்திரத்தை நேரில் வாங்கிக்கொண்ட க்ளேஸும் மெட்சாஞ்சேயும் எழுதினார்கள். கான்வைலரின் நூல் 1920-இல் வந்தது. முதல் உலகப் போரில் அவர் எதிரி நாட்டவர் என்று கடைச்சரக்கைப் பறிகொடுத்து, சுவிட்சர்லாந்தில் ஒதுங்கி, மாட்டச் சுவரில்லாத நிலையில் எழுதியது அது. சுவர் பறிபோனவர் அதன் வேலையை எழுத்திடம் ஒப்படைத்தார்.

பொம்பிது மையம் புதுப்பிப்புக்காக 2025-இல் மூடப்பட்டுவிட்டாலும், அதன் சேகரிப்பிலுள்ள ஒரு பொருளைச் சொல்லாமல் இந்தப் பாதை நிறைவடையாது. மார்செல் துஷான் 1917-இல் நியூயார்க்கில் ஆர். மட் என்ற பெயரில் அனுப்பிய சிறுநீர்க் கலத்தின் 1964-ஆம் ஆண்டுப் பிரதி அது. நடுவர் கிடையாது, பணம் கட்டினால் எல்லாமே காட்சிக்கு வைக்கப்படும், அகரவரிசையில் மாட்டப்படும் என்று அறிவித்த கண்காட்சிக்குத்தான் அசலை அவர் அனுப்பினார். ஈராயிரத்துக்கும் மேற்பட்ட படைப்புகளை ஏற்ற அந்தக் கூடம் இதை மட்டும் ஏற்கவில்லை. ஸ்டீக்லிட்ஸ் எடுத்த புகைப்படமும் ஒரு சிறுபத்திரிகைக் குறிப்புமே மிஞ்சின; அசல் தொலைந்தது. பார்க்கவே படாத ஒரு பொருள், பார்க்கவிடாத கூடத்தைப் பற்றிய விமர்சனமாகவே வரலாற்றில் நிற்கிறது. அதே நியூயார்க்கில் 1929-இல் தொடங்கிய நவீன கலை அருங்காட்சியகத்தில் ஆல்ஃபிரட் பார் படங்களை வெளிர்ச்சுவரில், ஒற்றை வரிசையில், போதிய இடைவெளி விட்டு மாட்டினார். 1936-இல் கியூபிசத்தையும் அரூப ஓவியத்தையும் அம்புக்குறிகளால் இணைக்கும் ஒரு வம்சாவளிப் படமும் வெளியிட்டார். ஓவியம் தன் தட்டையான பரப்பைத் தவிர மற்றதையெல்லாம் உதறிக்கொண்டே வந்தது என்று விமர்சகர் க்ளெமென்ட் க்ரீன்பெர்க் 1960-இல் சொன்னபோது, அந்த வரலாறு ஏற்கெனவே அப்படித்தான் மாட்டப்பட்டிருந்தது. அக்கம்பக்கம் எதுவுமில்லாத சுவரில் ஒரு படம் தன்னைப் பற்றி மட்டுமே பேசுவதுபோலத்தான் தெரியும்.

இதுவரை சொன்னவற்றுக்கு மிகப் பலமான எதிர்ச்சான்று வாரென் தெருவிலுள்ள ரோதன் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. அதில் தமிழ்நாட்டுக்கும் பங்குண்டு. சென்னை அருங்காட்சியகத்தின் திருவாலங்காட்டு நடராசர் திருமேனியின் புகைப்படங்களைப் பார்த்துச் சிற்பி ரோதன் தம் இறுதி ஆண்டுகளில் சிவதாண்டவம் பற்றி ஒரு குறிப்பு எழுதினார். அவர் 1917-இல் இறந்தபின், 1921-இல் ‘ஆர்ஸ் ஆசியாத்திகா’ தொகுதியில் கோலுபேவ், ஹாவெல், ஆனந்த குமாரசுவாமி ஆகியோரின் எழுத்துகளோடு அது வெளியாயிற்று. அந்தத் திருமேனியை ரோதன் நேரில் கண்டதேயில்லை. அப்படியானால் கூடமும் சுவரும் எதற்கு? புகைப்படம் போதாதா? நகலாக்கத் தொழில்நுட்பம் கலைப்பொருளை அதன் இடத்திலிருந்து விடுவித்துவிட்டது என்று வால்டர் பெஞ்சமின் 1936-இல், இதே பாரீஸில் அகதியாக இருந்தபோது, வெளியிட்ட கட்டுரையும் இதற்குத் துணை நிற்கும். ஆனால் ரோதன் என்ன எழுதினார் என்று பார்த்தால் விடை கிடைக்கிறது. உடலின் பகுதிகள், அவற்றின்மேல் விளையாடும் நிழல், ஓரக்கோடு. பல கோணங்களில், பாகம் பாகமாக எடுத்த புகைப்படங்கள் எதைக் கொடுத்தனவோ அதையே அவர் கண்டார். புகைப்படமும் ஒரு சுவர். அதற்கும் அளவு, வெளிச்சம், வெட்டு உண்டு.

ஆயினும் இந்தச் சான்று என் வாதத்தைக் காப்பாற்றுவதோடு நின்றுவிடவில்லை; அதன் எல்லையையும் காட்டுகிறது. யேனா சதுக்கத்தின் கீமே அருங்காட்சியகத்தில் பதினோராம் நூற்றாண்டுத் தமிழ்நாட்டு நடராசர் ஒருவர் இருக்கிறார். இத்தகைய உற்சவத் திருமேனிகளின் பீடத்தில் கழி செருகித் தோளில் ஏற்றத் துளைகள் உண்டு. கோயிலில் அவருக்குத் திருமஞ்சனம் உண்டு, பட்டும் மாலையும் உண்டு; வீதியுலாவில் அலங்காரத்துக்குள்ளே முகமும் கையும் தூக்கிய பாதமும் மட்டுமே தெரியும். ரோதன் வியந்த உடற்கட்டைப் பார்ப்பது அங்கே யாருடைய நோக்கமுமல்ல. இதைக் கூர்மையாகச் சொன்னவர் கொழும்பில் பிறந்த ஆனந்த குமாரசுவாமி. தந்தை முத்து குமாரசுவாமி இலங்கைத் தமிழர். ஆனந்த குமாரசுவாமி நடராசத் தத்துவத்தை உண்மை விளக்கம், திருமந்திரம் போன்ற தமிழ்ச் சைவ நூல்களைக் கொண்டு விளக்கியவர். 1917 முதல் பாஸ்டன் அருங்காட்சியகத்தில் இந்தியக் கலைப் பிரிவைக் கவனித்துக்கொண்டே, கலைப்பொருள்களை ஏன் காட்சிக்கு வைக்க வேண்டும் என்று தலைப்பிலேயே கேட்டு 1943-இல் நூல் வெளியிட்டார். எந்தப் பயனுக்காகச் செய்யப்பட்டதோ அந்தப் பயனை மறந்துவிட்டு ஒரு பொருளை ரசிப்பது அறியாமை என்பது அவர் தரப்பு. அதை அருங்காட்சியகத்தின் சம்பளப் பட்டியலில் இருந்துகொண்டு சொன்னதை முரண் என்று தள்ளிவிடலாம். ஆனால் இழப்பை அளக்கக்கூடியவர் அங்கே அன்றாடம் நின்றவர்தான். காட்சிக்கென்றே செய்யப்பட்ட ஓவியத்துக்குச் சலோனில் பிறந்த அளவுகோல்கள் பொருந்தும். வழிபாட்டுக்கோ உழைப்புக்கோ செய்யப்பட்ட பொருளுக்கு அவை பாதிதான் பொருந்தும். மீதிப் பாதியை ஈடுகட்ட முயன்றபோதுதான் ஐரோப்பியர் அதை ‘வடிவம்’ என்று தூக்கிப்பிடித்தார்கள்.

ஆகவே பாரீஸின் இந்தக் கூடங்கள் சொல்லித் தருவது, கோட்பாடுகளெல்லாம் இடத்துக்குக் கட்டுப்பட்டவை, எனவே மதிப்பற்றவை என்பதை அல்ல. வாங்க முடியாதவருக்கும் வாய் உண்டு என்பதை நிலைநாட்டியது அந்தச் சதுர மண்டபம். அது பெரிய ஆதாயம், அதை விட்டுக்கொடுக்க ஒன்றுமில்லை. ஆனால் எந்தக் கோட்பாடும் தான் பிறந்த சுவரைத் தன்னோடு சுமந்துகொண்டே பயணம் செய்கிறது, அதைக் குறிப்பிடாமல். அங்கே விளைந்த கருத்துகளை மொழிபெயர்ப்பில் வாங்கிக்கொள்ளும் நமக்கு இந்த எச்சரிக்கை கூடுதலாகத் தேவை. தட்டைப் பரப்பு, தூய வடிவம், முடிவுறாமை போன்ற சொற்களை ஒரு கோயில் சிற்பத்தின் மீதோ தோல்பாவையின் மீதோ வைக்கும்முன், அவை எந்த உயரத்தில் மாட்டிய எந்தப் படத்துக்காக உண்டாயின என்று கேட்டாக வேண்டும். இன்று பெரும்பாலான கலை கைபேசித் திரையில், எல்லாம் ஒரே அளவில், விரல் தள்ளும் வேகத்தில் பார்க்கப்படுகிறது. அந்தச் சுவரும் தனக்கேற்ற விமர்சனத்தை உண்டாக்கிக்கொண்டுதான் இருக்கும், அது பெரும்பாலும் ஒரே வரியில் முடிந்துவிடுகிறது. ஓவியத்தைப் பற்றி எழுதுகிறவர் அதை எங்கே, எவ்வளவு தொலைவில், யார் தயவில் பார்த்தார், யாருக்கு அந்த இடம் மூடியிருந்தது என்பதையும் சேர்த்து எழுதட்டும். லா ஃபோன் பெயர் மறைத்துக்கொண்டு கேட்டதை இன்று பெயரோடு கேட்கலாம். அந்த வசதி இருந்தும் கேட்காத விமர்சனம் தன் வேலையில் பாதியைத்தான் செய்கிறது.